பூட்டு நம்மிடம், சாவி யாரிடம்?

(முன்னாள் மாணவர் சங்க ஆண்டுச் சந்திப்பில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

 

"நீ நெட்வொர்க் வேலையிலதானே இருக்கே? பிள்ளைங்க போன்ல கண்டதையும் பாக்குதுங்க. அதைப் பத்திப் பேசேன்" என்று செயலாளர் அண்ணன் சொன்னார். சரி என்றேன். சாப்பாட்டுக்கு முந்தைய நேரம்தான் எனக்குக் கிடைத்திருக்கிறது. பின்னால் பிரியாணி வாசனை வர ஆரம்பித்துவிட்டது. அதனால் சுற்றி வளைக்காமல் விஷயத்துக்கு வருகிறேன்.

நான் பிறந்து வளர்ந்தது புளியந்தோப்பில். இன்றும் அங்கேதான் குடியிருக்கிறேன். அப்பா பின்னி மில் தொழிலாளி. 1996ல் மில்லை மூடிய பிறகு ஆட்டோ ஓட்டி எங்களைப் படிக்க வைத்தார். இந்தக் கல்லூரியில் எலக்ட்ரானிக்ஸ் படித்தேன். இரண்டு வருடமாக, எங்கள் பகுதிப் பள்ளி ஒன்றின் பெற்றோர்களோடு ஞாயிற்றுக்கிழமைகளில் உட்கார்ந்து போனைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கிறேன். நான் சொல்லப்போவது பெரும்பாலும் அங்கே நான் கற்றுக்கொண்டதுதான்.

பழைய கவலை

முதலில் ஒன்று. "எங்க காலத்துல இதெல்லாம் இல்லை" என்று பெரியவர்கள் சொல்வதை நான் முழுசாக ஏற்றுக்கொள்ள மாட்டேன். எங்கள் காலத்திலும் இருந்தது. பேசின் பிரிட்ஜிலிருந்து ஓட்டேரி வரைக்கும் எந்தச் சுவர் காலியாக இருந்தாலும் அதில் சினிமா போஸ்டர். சில சுவர்கள் வந்ததும் அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு நடையை வேகமாகப் போடுவார். ஏன் என்று எனக்கு அப்போது புரியவில்லை. ஆனால் அந்தச் சுவர் எது என்று மட்டும் நன்றாகத் தெரியும்!

அந்தக் கவலை அரசாங்கத்துக்கும் இருந்தது. வீடியோ கேசட்டில் படம் போட்டுக் காட்டுவதை ஒழுங்குபடுத்தத் தமிழ்நாட்டில் 1984ல் ஒரு சட்டம் வந்தது. சினிமா விளம்பரங்களைத் தணிக்கை செய்ய 1987ல் இன்னொரு சட்டம். கேபிள் டி.வி.க்கு 1995ல் மத்திய அரசின் சட்டம். மும்பையில் பிரதிபா நைத்தானி என்ற கல்லூரி ஆசிரியை வழக்குத் தொடர்ந்து, வயது வந்தவர்களுக்கான படங்களை டி.வி.யில் காட்டக் கூடாது என்று 2005ல் உயர் நீதிமன்றத்தில் உத்தரவு வாங்கினார்.

இவை அத்தனையிலும் பொதுவாக ஒன்று இருந்தது. வாசலில் ஓர் ஆள் இருந்தார். தியேட்டரில் டிக்கெட் கிழிப்பவர் இருந்தார். மீசை முளைக்காத பையன் 'ஏ' படத்துக்கு வந்தால், "டேய், நீ இன்னார் பையன்தானே, போடா வூட்டுக்கு" என்று துரத்துவார். கேபிள்காரரும் நம்ம தெருக்காரர்தான். ராத்திரி அவர் கண்ட படத்தைப் போட்டால் காலையில் நாலு அம்மாக்கள் அவர் வாசலில் நிற்பார்கள். "இன்னாப்பா, உன் வூட்லயும் புள்ளைங்க கீதுல்ல?" என்று ஒரே கேள்வி. அன்றோடு நின்றுவிடும். எந்தச் சட்டமும் அவ்வளவு வேகமாக வேலை செய்ததில்லை.

அந்த ஆள் இப்போது இல்லை. எப்படி இல்லாமல் போனார்? இரண்டு நிகழ்ச்சிகளைச் சொல்லலாம். 2014ல் ஒரு ஜிபி டேட்டாவுக்குச் சராசரியாக 269 ரூபாய் செலவானது. 2016 செப்டம்பரில் ஜியோ வந்தது. 2018ல் அதே ஒரு ஜிபி சுமார் 12 ரூபாய் ஆனது. ஒரு டீயின் விலை! இது முதலாவது. இரண்டாவது, கொரோனா. 2020 மார்ச்சில் பள்ளிகளை மூடினார்கள். ஒன்றாம் வகுப்பிலிருந்து எட்டாம் வகுப்பு வரை படிக்கும் பிள்ளைகளுக்குத் தமிழ்நாட்டில் 2021 நவம்பர் 1ஆம் தேதிதான் திறந்தார்கள். அந்த ஒன்றரை வருடமும் பாடம் போனில் வந்தது. அதுவரை "போனைத் தொடாதே" என்று அதட்டிய அம்மாவே, "போனை எடுத்துப் படி" என்று சொல்ல வேண்டியதாயிற்று. கடன் வாங்கி ஸ்மார்ட்போன் வாங்கிய குடும்பங்கள் எங்கள் தெருவிலேயே பல உண்டு. அவர்கள் வாங்கியது படிப்புக்காக. அதைக் குற்றம் சொல்ல யாருக்கும் உரிமை இல்லை.

நீதிமன்றத்தின் கதவைத் தட்டியபோது

பிள்ளைகள் பார்க்கக் கூடாததைப் பார்க்கிறார்களே என்ற கவலை நம் மதுரை வரை போயிருக்கிறது. 2019 ஏப்ரல் 3ஆம் தேதி சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, டிக்டாக் செயலியைத் தரவிறக்கம் செய்வதைத் தடுக்கும்படி உத்தரவிட்டது. அதில் ஆபாசம் வருகிறது, சிறுவர்கள் அதிகம் பயன்படுத்துகிறார்கள் என்பது முக்கியமான காரணம். ஏப்ரல் 24ஆம் தேதி அந்தத் தடை நீங்கியது. சரியாக மூன்று வாரம். அடுத்த வருடம் 2020 ஜூன் 29ஆம் தேதி மத்திய அரசு அதே டிக்டாக்கைத் தடை செய்தது. அது நாட்டின் பாதுகாப்பைச் சொல்லிப் போட்ட தடை. பிள்ளைகளுக்காகப் போட்டது மூன்று வாரத்தில் போனது, பாதுகாப்புக்காகப் போட்டது நிலைத்தது.

சரி, டிக்டாக் போனதே, பிள்ளைகள் பார்ப்பது குறைந்ததா? அடுத்த மாதமே இன்ஸ்டாகிராமில் ரீல்ஸ் வந்தது. செப்டம்பரில் யூடியூப் ஷார்ட்ஸ் வந்தது. கடைப் பெயர்தான் மாறியது, சரக்கு மாறவில்லை.

2018ல் அதே மதுரைக் கிளையில் இன்னொரு பொதுநல மனு தாக்கலானது. ஆபாசப் படங்கள் சிறுவர்களுக்கு வெகு சுலபமாகக் கிடைக்கின்றன, அதனால் இணைய இணைப்புத் தரும் கம்பெனிகளே பெற்றோர் கட்டுப்பாட்டு வசதியையும் தர வேண்டும் என்பது கோரிக்கை. இதில் 2025 டிசம்பரில் உத்தரவு வந்தது. ஆஸ்திரேலியாவில் வந்திருப்பதைப் போன்ற ஒரு சட்டத்தை இங்கேயும் கொண்டு வர முடியுமா என்று மத்திய அரசு ஆராயலாம் என்று நீதிபதிகள் சொன்னார்கள். அதுவரை விழிப்புணர்வு வேலையைத் தீவிரமாகச் செய்யுங்கள் என்றும் சொன்னார்கள்.

ஆஸ்திரேலியாவில் என்ன செய்தார்கள்? 16 வயதுக்குக் கீழே இருப்பவர்கள் சமூக ஊடகங்களில் கணக்கு வைத்துக்கொள்ளக் கூடாது என்று 2024 நவம்பரில் சட்டம் இயற்றி, 2025 டிசம்பர் 10 முதல் நடைமுறைக்குக் கொண்டு வந்தார்கள். அதில் எனக்குப் பிடித்த அம்சம் ஒன்று உண்டு. மீறினால் பிள்ளைக்குத் தண்டனை இல்லை, பெற்றோருக்கும் தண்டனை இல்லை. கம்பெனிக்குத்தான் அபராதம், அதிகபட்சம் 4 கோடியே 95 லட்சம் ஆஸ்திரேலிய டாலர். வாசலில் ஆள் நிறுத்த வேண்டியது கடைக்காரன் பொறுப்பு என்கிறார்கள். அது நியாயம் என்றே நானும் நினைக்கிறேன்.

தடுத்தால் ஏன் நிற்பதில்லை?

இங்கே பாதிப் பேர் பொறியாளர்கள். உங்களுக்கு இது தெரிந்ததுதான். குடும்பத்தாருக்காகச் சொல்கிறேன்.

2015 ஜூலை கடைசியில் 857 ஆபாசத் தளங்களை மத்திய அரசு தடுத்தது. எதிர்ப்பு வந்ததும் சில நாளிலேயே தளர்த்தியது. 2018ல் ஒரு நீதிமன்ற உத்தரவுக்குப் பிறகு 827 தளங்களைத் தடுத்தது. ஆபாசமாகப் படம் போட்ட ஓ.டி.டி. செயலிகள் 18ஐ 2024 மார்ச்சிலும், 25ஐ 2025 ஜூலையிலும் தடுத்தது. இவையெல்லாம் தேவைதான். வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் ஒரு தளத்தைத் தடுப்பது என்பது டெலிபோன் டைரக்டரியிலிருந்து ஒரு பெயரை அடிப்பது மாதிரி. பெயரை மாற்றிக்கொண்டு வேறு பக்கத்தில் வந்துவிடுவான்.

அதைவிடப் பெரிய சிக்கல் ஒன்று இருக்கிறது. எங்கள் தெருப் பெற்றோர்கள் என்னிடம் கொண்டு வரும் புகாரில் பெரும்பாலானவை ஆபாசத் தளங்களைப் பற்றியவை அல்ல. "தம்பி, இது ஒண்ணும் அந்த மாதிரிப் படம் இல்லதான். ஆனா பத்து வயசுப் புள்ள பாக்குற படமும் இல்ல" என்றார் ஓர் அக்கா. அவ்வளவு அழகாக எந்தச் சட்டப் புத்தகத்திலும் எழுதவில்லை. அரைகுறை ஆடை ஆட்டம், இரட்டை அர்த்தப் பேச்சு, "இந்த ரூமுக்குள்ள என்ன நடந்துச்சு தெரியுமா" என்று ஒரு படம், கேம் விளையாடும்போது நடுவில் குதிக்கும் விளம்பரம். இதில் எதுவும் சட்டப்படி குற்றம் ஆகாது. எந்தத் தடைப் பட்டியலிலும் சேராது. ஆனால் ஒரு நாளைக்கு நூறு வந்தால் பிள்ளையின் மனதில் என்ன சேரும்? ஆண் என்றால் இப்படி, பெண் என்றால் இதற்கு என்று ஒரு பாடம் சேரும். நம் வாத்தியார்கள் பன்னிரண்டு வருடம் நடத்தும் பாடத்தைவிட அது சீக்கிரம் ஏறிவிடும்.

ஒரு போன், ஐந்து பேர்

இப்போது நான் முக்கியமாகச் சொல்ல வந்ததற்கு வருகிறேன்.

சட்டமும் சரி, கம்பெனிகள் தரும் பூட்டும் சரி, ஒரு கணக்குப் போட்டுத்தான் செய்யப்படுகின்றன. பெற்றோருக்கு ஒரு போன், பிள்ளைக்கு ஒரு போன். பெற்றோருக்கு விவரம் தெரியும், பிள்ளைக்குத் தெரியாது. பிள்ளைக்குத் தனியாக ஒரு கணக்கு, அதில் உண்மையான பிறந்த தேதி. 2025 பிப்ரவரியில் இன்ஸ்டாகிராம் இந்தியாவில் தொடங்கிய பதின்வயதுக் கணக்கும் இப்படித்தான். கூகுளின் ஃபேமிலி லிங்க்கும் அடிப்படையில் இப்படித்தான். நல்ல கருவிகள். குறை சொல்லவில்லை.

ஆனால் எங்கள் ஹவுசிங் போர்டு வீட்டுக்கு வந்து பாருங்கள். ஓர் அறை, ஒரு சமையல் மூலை, ஐந்து பேர். நல்ல போன் ஒன்று. அது அப்பாவுடையது. அவர் வேலையிலிருந்து வந்து சாப்பிட உட்கார்ந்ததும் போன் பையன் கைக்குப் போகும். பையனிடமிருந்து தங்கைக்கு. தூங்கும் நேரத்தில் மறுபடி அப்பாவுக்கு. கணக்கு அப்பாவின் பெயரில். வயது 42. அந்தப் போனைப் பொறுத்தவரை ரீல்ஸ் பார்ப்பது 42 வயது ஆள். ஏழு வயதுப் பெண் குழந்தை என்று அதற்கு எப்படித் தெரியும்? ஆஸ்திரேலியச் சட்டத்தை நாளைக்கே இங்கே கொண்டு வந்தாலும் இந்த வீட்டுக்குள் அது நுழையாது. ஏனென்றால் இந்தப் பிள்ளைக்கு மூடுவதற்குக் கணக்கே இல்லை.

இன்னொன்று. நாம் எதைப் பார்க்கிறோம், எவ்வளவு நேரம் நின்று பார்க்கிறோம் என்பதை வைத்துத்தான் இந்தச் செயலிகள் அடுத்ததை எடுத்துக் கொடுக்கின்றன. துறைமுகத்தில் வேலை செய்யும் ஒருவர் பையனை இழுத்துக்கொண்டு வந்தார். "பாரு தம்பி, யூடியூபைத் தொறந்தாலே அசிங்கமா வருது. இன்னா பாக்குறான்னு நீயே பாரு" என்றார். பார்த்த வரலாற்றைத் திறந்தேன். பகலில் கார்ட்டூனும் கிரிக்கெட்டும். ராத்திரி பதினோரு மணிக்கு மேல் வேறு. அந்த நேரத்தில் பையன் தூங்கியிருப்பான். அவரைத் தனியாகத் தள்ளிக்கொண்டு போய் நேரத்தை மட்டும் காட்டினேன். வேறு ஒன்றும் சொல்லவில்லை. அவர் கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, "அப்போ நான் பாக்குறதுதான் அவனுக்கு வருதா?" என்று கேட்டார். ஆமாம் அண்ணா என்றேன். பையனைத் தோளில் தட்டி அழைத்துக்கொண்டு போனார். அன்று போட்ட எந்தப் பூட்டையும்விட அந்த ஒரு கேள்வி அந்த வீட்டுக்கு அதிகம் உதவியிருக்கும்.

அடுத்தது சாவி. "போன்ல லாக் போட்டீங்களாக்கா?" என்று கேட்டால், "போட்டிருக்குதுப்பா" என்பார்கள். "யார் போட்டது?" "பையன்தான் போட்டுக் குடுத்தான். நமக்கு இன்னா தெரியும், பச்சையை அமுக்கினா பேசுவோம், சிவப்பை அமுக்கினா வைப்போம்." பாருங்கள், எந்தத் திருடனுக்காகப் பூட்டுப் போடுகிறோமோ அவனிடமே சாவி செய்யச் சொல்லியிருக்கிறோம்! சிரிக்காதீர்கள், உங்கள் வீட்டிலும் புது டி.வி. வந்தால் ரிமோட்டைப் பழக்கிக் கொடுப்பது யார் என்று யோசித்துப் பாருங்கள்.

2023ல் வந்த தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம், 18 வயதுக்குக் கீழே இருப்பவர்களின் தகவலைக் கையாளப் பெற்றோரின் உறுதி செய்யப்பட்ட சம்மதம் வேண்டும் என்கிறது. 2025 நவம்பரில் விதிகள் வெளியாயின. கம்பெனிகள் இதற்குத் தயாராக 18 மாதம் அவகாசம். நல்ல சட்டம்தான். ஆனால் சம்மதம் கேட்டு ஓர் ஓ.டி.பி. வந்தால், அது எந்தப் போனுக்கு வரும்? பிள்ளை கையில் இருக்கும் அதே போனுக்கு. அம்மாவுக்கு வரும் ஓ.டி.பி.யைப் படித்துச் சொல்வதும் அதே பிள்ளைதான்.

அதனால்தான் சொல்கிறேன். நகரத்தில் படித்த, வசதியான குடும்பத்தின் அளவுக்குத் தைத்த சட்டையை எல்லோருக்கும் மாட்டிவிடப் பார்க்கிறோம். எங்கள் ஊரில் முதல் வேலை பூட்டை மாற்றுவது அல்ல, சாவியை அம்மா கைக்குக் கொண்டு வருவது.

நாங்கள் செய்து பார்த்தவை

இரண்டு வருடத்தில் பயன்பட்டவற்றைச் சொல்கிறேன்.

முதலில் போனைத் தமிழுக்கு மாற்றினோம். அமைப்புகள் எல்லாம் தமிழில் வந்ததும் பாதிப் பயம் போய்விடுகிறது. "அட, இது நம்ம பாஷையில இருக்குதே" என்று ஓர் அம்மா தானே ஒவ்வொன்றாகத் திறந்து பார்க்க ஆரம்பித்தார்.

இரண்டாவது, பூட்டு எண்ணை அம்மாவே போட வேண்டும். பிள்ளை பக்கத்தில் இருக்கக் கூடாது. பிறந்த தேதி, கல்யாண தேதி வேண்டாம். அது பிள்ளைக்கு முதலில் தெரியும்.

மூன்றாவது, பல போன்களில் ஒரே கருவிக்குள் இரண்டு பயனர் வைக்கும் வசதி இருக்கிறது. பிள்ளைக்குத் தனிப் பயனர். அது இல்லாத போனில் யூடியூபிலாவது தனிக் கணக்கு, சின்னப் பிள்ளைகளுக்கு யூடியூப் கிட்ஸ். அப்பாவின் வரலாறு பிள்ளைக்குப் போகாது என்பதே இதில் பெரிய லாபம். யூடியூபில் கட்டுப்படுத்தப்பட்ட பயன்முறை, பிளே ஸ்டோரில் பெற்றோர் கட்டுப்பாடு, இரண்டையும் போட்டு வைக்கலாம். எல்லாவற்றையும் பிடிக்காது, ஆனால் கணிசமாகக் குறைக்கும். ஒன்று முடிந்தால் அடுத்தது தானாக ஓடுவதையும் நிறுத்திவிடுங்கள்.

நான்காவது, வைஃபை பெட்டி வைத்திருக்கும் வீடுகளுக்கு. டி.என்.எஸ். எண்ணை 1.1.1.3 என்று மாற்றினால் ஆபாசத் தளங்களின் முகவரி கிடைக்காது. கிளவுட்ஃப்ளேர் நிறுவனம் 2020 ஏப்ரலில் தொடங்கிய இலவச வசதி இது. நம் பொறியாளர் நண்பர்களுக்கு ஐந்து நிமிட வேலை. ஆனால் ரீல்ஸையும் விளம்பரத்தையும் இது தடுக்காது. சிம்மில் இருக்கும் டேட்டாவையும் தடுக்காது.

ஐந்தாவது, ஓ.டி.டி. செயலிகள். 2021ல் வந்த விதிகளின்படி படங்களுக்கு 7, 13, 16 என்று வயது போட வேண்டும். 13ம் அதற்கு மேலும் போட்டவற்றுக்குப் பெற்றோர் பூட்டு வசதி தர வேண்டும். தியேட்டர் படங்களுக்கும் 2023ல் சட்டத்தைத் திருத்தி இதே 7, 13, 16 வயதுப் பிரிவுகளைக் கொண்டு வந்தார்கள். அந்த எண்ணைப் பார்த்துவிட்டுப் படம் போடும் பழக்கத்தைப் பெற்றோருக்குச் சொல்லிக் கொடுக்கிறோம். சென்சார் சான்றிதழில் என்ன எழுதியிருக்கிறது என்று பார்த்துப் படத்துக்குப் போனவர்கள் நம் தாத்தா பாட்டிகள்.

கடைசியாக, செலவில்லாத பூட்டு. ராத்திரி ஒன்பது மணிக்குப் போன் அம்மா தலைமாட்டில் சார்ஜில் இருக்க வேண்டும். அப்பாவின் போனும் சேர்த்துத்தான்.

பெண் பிள்ளைக்கு மட்டும் பூட்டா?

இவ்வளவும் சொல்லிவிட்டு, இதன் இன்னொரு பக்கத்தைச் சொல்லாமல் விட்டால் நான் பாதி உண்மை பேசியவன் ஆவேன்.

"பிள்ளைகள் பார்ப்பதைக் கட்டுப்படுத்து" என்று தெருவில் பேச ஆரம்பித்தால், அந்தக் கட்டுப்பாடு போய் உட்காரும் இடம் பெரும்பாலும் பெண் பிள்ளையின் தலை. அண்ணன் பார்த்ததற்கும் தங்கையிடமிருந்து போனைப் பிடுங்குவார்கள். ஏற்கெனவே நிலைமை சமமாக இல்லை. 2019-21ல் எடுத்த தேசியக் குடும்ப நலக் கணக்கெடுப்பில், இந்தியாவில் ஆண்களில் 57.1 சதவீதம் பேர் இணையத்தைப் பயன்படுத்தியிருந்தார்கள். பெண்களில் 33.3 சதவீதம்தான். நாம் போடும் பூட்டு இந்த இடைவெளியை இன்னும் அகலமாக்கக் கூடாது.

ஒரு சம்பவம். பிள்ளை யார், பள்ளி எது என்று சொல்ல மாட்டேன். 13 வயதுப் பெண். ஒரு கேமில் பழக்கமான யாரோ ஓர் ஆள், பார்க்கக் கூடாத படங்களை அனுப்பியிருக்கிறான். பதிலுக்கு இவள் படத்தைக் கேட்டிருக்கிறான். நல்ல வேளை, இவள் அனுப்பவில்லை. ஆனால் மூன்று வாரம் யாரிடமும் சொல்லவில்லை. சாப்பாடு குறைந்து, வகுப்பில் பேச்சு குறைந்து, கடைசியில் ஓர் ஆசிரியைதான் மெதுவாகக் கேட்டு வாங்கினார். ஏம்மா வீட்டில் சொல்லவில்லை என்றதற்கு அவள் சொன்ன பதில்: "சொன்னா போனைப் புடுங்கிடுவாங்க மிஸ். அப்புறம் ஸ்கூலுக்கும் போகாதேம்பாங்க."

நண்பர்களே, அந்தப் பிள்ளையை மூன்று வாரம் அந்த ஆளிடம் தனியாக விட்டது எது? தண்டனைக்குப் பயம். நாம் பாதுகாப்பு என்று நினைத்துப் போட்ட மிரட்டல், அவனுக்குப் பாதுகாப்பாகப் போய்விட்டது. அந்த மாதிரி ஆட்கள் எல்லோரும் சொல்லும் வசனமே, "வீட்ல சொன்னா உன்னைத்தான் திட்டுவாங்க" என்பதுதானே? அந்த வசனம் நம் வீட்டில் பொய்யாக வேண்டும்.

அந்த ஆசிரியை 1098 என்ற குழந்தைகள் உதவி எண்ணைக் கூப்பிட்டார். சட்டப்படி நடவடிக்கை போனது. பெற்றோரிடம் நாங்கள் ஒரே ஒரு வாக்குறுதிதான் கேட்டோம். போனும் பள்ளிக்கூடமும் அவளிடமிருந்து போகக் கூடாது. அவள் அப்பா யோசித்தார். அம்மா யோசிக்கவில்லை. "எம் பொண்ணு தப்புப் பண்ணல. அவ ஏன் வூட்ல உக்காரணும்?" என்றார். அந்தப் பெண் இப்போதும் படித்துக்கொண்டிருக்கிறாள்.

அதனால் எங்கள் ஞாயிற்றுக்கிழமைக் கூட்டத்தில் பூட்டைச் சொல்லிக் கொடுப்பதற்கு முன்னால் பெற்றோர்களைப் பிள்ளையிடம் ஒரு வாக்கியம் சொல்ல வைக்கிறோம். "நீ எதைப் பார்த்திருந்தாலும், யார் எதை அனுப்பியிருந்தாலும், எங்கிட்ட வந்து சொன்னா உன்னை அடிக்க மாட்டேன், போனையும் புடுங்க மாட்டேன்." ஆண் பிள்ளையிடமும் சொல்ல வேண்டும். முதல் தடவை சொல்லும்போது பல அப்பாக்களுக்கு வாய் வருவதில்லை. பழகினால் வருகிறது.

நம்மால் ஆவது

"இதெல்லாம் காலத்தின் போக்கு, தடுக்கவா முடியும்?" என்று சில நண்பர்கள் கேட்பார்கள். முழுசாகத் தடுக்க முடியாது, ஒத்துக்கொள்கிறேன். பதினாறு வயதுப் பையனுக்கு உடம்பைப் பற்றிக் கேள்வி வரும். அது தப்பும் இல்லை. அந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல வீட்டில் ஆள் இல்லாவிட்டால் போன் சொல்லும். ஆனால் எட்டு வயதில் அந்தக் கேள்வி வருவதற்கு முன்னாலேயே போன் பதிலைக் கொண்டு வந்து கொட்டுகிறதே, அதைத் தள்ளிப்போடலாம் அல்லவா? நாலு வருடம் தள்ளிப்போட முடிந்தால் அது நாலு வருடக் குழந்தைப் பருவம்.

நம் சங்கத்தில் மென்பொருள் நிறுவனங்களில் பெரிய பொறுப்பில் இருப்பவர்கள் இருக்கிறார்கள். உங்களிடம் ஒரு வேண்டுகோள். ஒரே போனை ஐந்து பேர் பயன்படுத்தும் வீட்டை மனதில் வைத்து ஏதாவது செய்யுங்கள். பிள்ளையிடம் கொடுக்கும்போது ஒரு பொத்தானை அழுத்தினால் போதும், அது பிள்ளைக்கான போனாக மாற வேண்டும். திரும்ப வாங்க அம்மாவின் விரல் ரேகை வேண்டும். நமக்கு இது பெரிய தொழில்நுட்பமா? இல்லை. கேட்பதற்கு ஆள் இல்லை, அவ்வளவுதான்.

மற்றவர்களிடம் நான் கேட்பது மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை. எங்கள் புளியந்தோப்புக்கே வர வேண்டும் என்பதில்லை. ராயபுரம், திருவொற்றியூர், எண்ணூர் என்று நம் ஆட்கள் எல்லா இடத்திலும் இருக்கிறீர்கள். ஒவ்வொரு அரசுப் பள்ளியிலும் பள்ளி மேலாண்மைக் குழு இருக்கிறது. கல்வி உரிமைச் சட்டப்படி அதில் முக்கால்வாசிப் பேர் பெற்றோர்களே. தலைமை ஆசிரியரிடம் அனுமதி வாங்கி, அந்தக் குழு மூலமாகப் போனால் பெற்றோர் வருவார்கள். இரண்டு மணி நேரம் போதும். புரொஜெக்டர் வேண்டாம், சொற்பொழிவும் வேண்டாம். அவர்கள் போனை அவர்கள் கையிலேயே வைத்துச் சொல்லிக் கொடுங்கள். நீங்கள் வாங்கிச் செய்து கொடுத்தால், சாவி பிள்ளையிடமிருந்து உங்களிடம் வரும். அம்மாவிடம் போகாது. கூட நம் சகோதரிகளும் வர வேண்டும். சில கேள்விகளை அம்மாக்கள் என்னிடம் கேட்க மாட்டார்கள்.

அன்றைக்கு டிக்கெட் கிழித்தவரும் கேபிள்காரரும் படித்தவர்கள் இல்லை. ஆனால் தெருவுக்குப் பதில் சொல்லக் கடமைப்பட்டிருந்தார்கள். இன்றைக்கு அந்த வாசலைக் கட்டிக் கொடுத்திருப்பது நம் தொழில். டவர் போட்டவர்கள் நாம், கேபிள் இழுத்தவர்கள் நாம், செயலி எழுதியவர்கள் நாம். தெரு நம்மிடமும் கேட்கலாம், "இன்னாப்பா, உன் வூட்லயும் புள்ளைங்க கீதுல்ல?" என்று. அதற்கு நம்மிடம் ஒரு பதில் இருக்க வேண்டும்.

வர விருப்பம் உள்ளவர்கள் சாப்பாட்டுக்குப் பிறகு வாசலில் இருக்கும் நோட்டில் பெயர் எழுதிவிட்டுப் போகும்படி கேட்டுக்கொள்கிறேன்.